குளத்துநீர்த் துளியில் இருப்பவை எவை? வாசகர் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: பள்ளியில் உயிரியல் கற்பிக்கிறேன். மாணவர்கள் குளத்துநீரைக் கொண்டுவந்து நுண்ணோக்கியில் பார்க்கிறார்கள். பார்த்ததைப் பாடநூல் படத்தோடு ஒப்பிட்டுப் பெயர் சொல்லும்போது, ஒரே உயிரியை ஒருவர் பாரமீசியம் என்கிறார், மற்றொருவர் ரோட்டிஃபர் என்கிறார். அடையாளம் காண்பதை எங்கிருந்து தொடங்க வேண்டும்?

பதில்: படத்திலிருந்து தொடங்க வேண்டாம் என்பதே என் முதல் வேண்டுகோள். பாடநூல் படங்களில் எல்லா உயிரிகளும் ஒரே அளவில், ஒரே பக்கமாகத் திரும்பி, அசையாமல் கிடக்கின்றன. குளத்துநீரிலோ அவை உருண்டும் புரண்டும் ஓடுகின்றன. பக்கவாட்டில் நீளமாகத் தெரிந்தது, நேரே திரும்பியதும் வட்டமாகத் தெரிகிறது. ஆகவே முதலில் அளவு, அடுத்து நகரும் விதம், பிறகு உடலில் நிறம் எந்த இடத்தில் இருக்கிறது என்பது, கடைசியாக உருவம் என்ற வரிசையில் பார்க்கப் பழக்குங்கள்.

அளவைக் காண விலையுயர்ந்த கருவி எதுவும் தேவையில்லை. கண்ணருகு வில்லையின் மேல் புல எண் என்று ஒன்று பொறிக்கப்பட்டிருக்கும்; பல நுண்ணோக்கிகளில் அது 18 ஆக இருக்கும். அதைப் பொருளருகு வில்லையின் உருப்பெருக்கத்தால் வகுத்தால், கண்ணுக்குத் தெரியும் வட்டத்தின் விட்டம் மில்லிமீட்டரில் கிடைத்துவிடும். 4 மடங்கு வில்லையில் 4.5 மி.மீ., 10 மடங்கு வில்லையில் 1.8 மி.மீ., 40 மடங்கு வில்லையில் 0.45 மி.மீ., அதாவது 450 மைக்ரோமீட்டர். எண் பொறிக்கப்படவில்லை என்றால், ஒளி ஊடுருவும் அளவுகோலை 4 மடங்கு வில்லையின் கீழ் வைத்து, வட்டத்துக்குள் எத்தனை மில்லிமீட்டர் அடங்குகிறது என்று எண்ணி, மற்ற வில்லைகளுக்கு அதிலிருந்து கணக்கிட்டுக்கொள்ளலாம். 40 மடங்கு வில்லையில் ஓர் உயிரி வட்டத்தின் பாதியை நிரப்பினால் அது சுமார் 225 மைக்ரோமீட்டர் நீளமுள்ளது. பாடநூலில் வரும் பாரமீசியம் காடேட்டம் என்ற ஒருசெல் உயிரி ஏறத்தாழ 200 முதல் 300 மைக்ரோமீட்டர் இருக்கும் என்பதால், அந்தப் பெயர் பொருந்த வாய்ப்புண்டு. வட்டத்தில் பத்தில் ஒரு பங்குகூட இல்லாத ஒன்றைப் பாரமீசியம் என்று ஒரு மாணவர் சொன்னால், வேறு எதையும் பார்க்காமலே மறுத்துவிடலாம்.

நகர்வு இன்னும் தெளிவான சாட்சி. பாரமீசியம் தன் அச்சில் சுழன்றபடியே வழுக்கிச் செல்லும். எதிலாவது மோதினால் சற்றுப் பின்வாங்கி, கொஞ்சம் திரும்பி, மறுபடி முன்னேறும். யூப்ளோட்டஸ் என்பதும் பாரமீசியத்தைப்போல உடலில் நுண்மயிர் போன்ற இழைகளைக் கொண்ட குறுஇழை உயிரிதான், ஆனால் அடிப்புறத்தில் உள்ள இழைக்கற்றைகளைக் கால்களைப்போல ஊன்றிப் பாசியின் மேல் நடக்கும். உருளைப்புழுவுக்கு உடலைச் சுற்றி வளைக்கும் தசை கிடையாது, நீளவாக்குத் தசை மட்டுமே உண்டு. எனவே அது நீளவோ குறுகவோ முடியாமல், சுண்டிவிட்ட சாட்டை போல வளைந்து வளைந்து துடிக்கும். கடினமான ஓடுள்ள ஒருசெல் பாசியான டயாட்டமோ எந்த உறுப்பும் அசையாமல், தண்டவாளத்தில் ஓடும் பெட்டியைப்போல முன்னும் பின்னும் நகரும். இவற்றை ஒருமுறை கவனித்துவிட்ட மாணவர், பெயர் மறந்தாலும் இனத்தைக் குழப்பிக்கொள்ள மாட்டார்.

கேள்வி: எங்கள் மாதிரியில் இருப்பவை மிக வேகமாக ஓடுகின்றன. குவியப்படுத்துவதற்குள் வட்டத்தைவிட்டே போய்விடுகின்றன. என்ன செய்யலாம்?

பதில்: பஞ்சிலிருந்து நாலைந்து இழைகளைப் பிரித்து ஸ்லைடில் பரப்பி, அதன்மேல் துளியை விட்டு கவர்ஸ்லிப்பால் மூடுங்கள், இழைகளுக்கிடையே சிறு அறைகள் உருவாகி, உயிரிகள் அவற்றுக்குள் சுற்றிவரும். 2 அல்லது 3 விழுக்காடு மெத்தில் செல்லுலோஸ் கரைசலை ஒரு துளி சேர்த்தால் நீர் கெட்டியாகி வேகம் குறையும். கவர்ஸ்லிப்பின் ஓரத்தில் உறிஞ்சுதாளை வைத்து நீரைச் சிறிது இழுப்பதும் உண்டு. ஆனால் நீர் குறையக் குறைய உயிரி நசுங்கி அகலமாகத் தெரியும், சில நிமிடங்களில் வெடித்தும் போகும். அந்த நிலையில் எடுத்த அளவையும் வரைந்த உருவத்தையும் நம்பக்கூடாது. எப்போதும் கொழகொழப்பில்லாத துளியில் ஒருமுறை பார்த்து, நகர்வைக் குறித்துக்கொண்ட பிறகே இவற்றைச் செய்யுங்கள்.

கேள்வி: தலையில் இரண்டு சக்கரங்கள் சுழல்கின்றன, தொண்டைக்குள் ஏதோ ஒன்று ஓயாமல் திறந்து மூடுகிறது, வால் பிளவுபட்டிருக்கிறது. என் நண்பர் இதை ஒருசெல் உயிரி என்கிறார். சரியா?

பதில்: நீங்கள் கண்டது ரோட்டிஃபர், தமிழில் சக்கர விலங்கு என்றும் சொல்வதுண்டு. அது ஒருசெல் உயிரி அன்று. பெரும்பாலான ரோட்டிஃபர்கள் 0.1 முதல் 0.5 மி.மீ. வரைதான் இருக்கும், ஆனால் அந்த உடலுக்குள் ஏறத்தாழ ஆயிரம் செல்கள் உள்ளன. நண்பர் ஏமாந்ததில் வியப்பில்லை. ஸ்டென்டார் என்ற ஒருசெல் உயிரி நீண்டு நிற்கும்போது 2 மி.மீ. வரைகூட எட்டும். பல செல் விலங்கைவிட ஒற்றைச் செல் பெரிதாக இருக்கிற விந்தையைக் குளத்துநீரில் சாதாரணமாகவே காணலாம்.

சக்கரம் உண்மையில் சுழல்வதில்லை. வட்டமாக நிற்கும் குறுஇழைகள் ஒன்றன்பின் ஒன்றாக மடங்கி நிமிர்வதால், காற்றில் நெற்கதிர்கள் அலையடிப்பது போன்ற தோற்றம் சுற்றிவருகிறது. அது உங்களுக்கு அடையாளமும் அன்று, ஏனென்றால் ஸ்டென்டாரின் வாய் விளிம்பிலும் இதே அலை ஓடும். உறுதியான அடையாளம் நீங்கள் கவனித்த அந்தத் தொண்டைதான். அது மாஸ்டாக்ஸ் எனப்படும் அரைக்கும் உறுப்பு. உள்ளே கடினமான தாடைகள் இருக்கின்றன. 40 மடங்கு வில்லையில் பொறுமையாகக் குவியப்படுத்தினால், சக்கரம் இழுத்துவந்த பச்சைத் துணுக்கு ஒன்று தொண்டையில் இறங்குவதும், தாடைகள் அதை இரண்டு மூன்று முறை கடிப்பதும், நொறுங்கிய துணுக்கு பின்னால் இருக்கும் இரைப்பைக்குள் போவதும் தெரியும். தாடை அசைந்தால் ரோட்டிஃபர். எந்த ஒருசெல் உயிரிக்கும் அது இல்லை. பிளவுபட்ட வாலை மட்டும் வைத்து முடிவு செய்யாதீர்கள். கேஸ்ட்ரோட்ரிக் என்ற நுண்விலங்குக்கும் வால் இரண்டாகப் பிளந்திருக்கும், ஆனால் அதற்குச் சக்கரமும் கிடையாது, அரைக்கும் தாடையும் கிடையாது.

கேள்வி: மணி வடிவ உயிரி ஒன்று காம்பில் நின்றுகொண்டிருந்தது. மேசையைத் தட்டியதும் மறைந்துவிட்டது. எங்கே போயிற்று?

பதில்: எங்கும் போகவில்லை. வோர்டிசெல்லா அதிர்ச்சியை உணர்ந்ததும் காம்பைச் சுருள்வில்போல இழுத்துக்கொண்டு, ஒட்டியிருக்கும் இடத்தோடு பதுங்கும். அந்தச் சுருக்கம் ஒரு நொடியில் நூறில் ஒரு பங்குக்கும் குறைவான நேரத்தில் முடிந்துவிடுவதால் கண்ணுக்கு மறைந்ததாகத் தோன்றும். நிமிர்வதற்கோ சில நொடிகள் ஆகும். பாசி இழையின் மேல் பார்வையை வைத்தபடி காத்திருங்கள்.

ஒரே காம்பில் பல மணிகள் கிளைத்திருந்தால், ஸ்லைடை மெதுவாகத் தட்டிப் பாருங்கள். ஒவ்வொரு மணியும் தனித்தனியாகச் சுருங்கினால் கார்சீசியம்; மொத்தக் கூட்டமும் சேர்ந்தாற்போல் சுருங்கினால் சூதாம்னியம்; காம்புகள் சுருளாமல் மணிகள் மட்டும் வாயை மூடிக்கொண்டால் எபிஸ்டைலிஸ். ஒரு தட்டில் மூன்றைப் பிரித்துவிடலாம் என்பதால் எனக்கு மிகவும் பிடித்த சோதனை இது. வோர்டிசெல்லாவின் மணி சில வேளைகளில் காம்பைவிட்டுப் பிரிந்து தனியாக நீந்திப் போகும். அதைப் புதிய உயிரி என்று எண்ணி நோட்டில் இரண்டாவது பெயர் எழுதியவர்கள் பலர்.

கேள்வி: பச்சையாக இருப்பவை எல்லாம் பாசிதானா? பச்சைப் பாரமீசியத்தைப் பார்த்ததாக என் மகள் சொல்கிறாள்; நான் நம்பவில்லை.

பதில்: மகள் சொன்னதை நம்புங்கள். பாரமீசியம் பர்சாரியா என்ற இனத்தின் உடலுக்குள் குளோரெல்லா வகைப் பாசிச் செல்கள் நூற்றுக்கணக்கில் குடியிருக்கின்றன. பாசி தயாரிக்கும் சர்க்கரையில் பாரமீசியத்துக்கும் பங்குண்டு. ஸ்டென்டாரிலும் ஹைட்ராவிலும் இவ்வாறு பாசியைத் தாங்கிப் பச்சையாகும் இனங்கள் உள்ளன. அதனால்தான் நிறம் இருக்கிறதா என்று கேட்பதைவிட, எங்கே இருக்கிறது என்று கேட்பது பயன் தரும் என்கிறேன். பாரமீசியத்தில் பச்சை, சம அளவுள்ள உருண்டை மணிகளாகத் தெரியும். உணவாக விழுங்கிய பாசி என்றால், சில குமிழ்களுக்குள் மட்டும் கட்டியாகவும், செரிமானம் நடக்க நடக்கப் பழுப்பாகவும் காணப்படும்.

பாசிகளிலேயே நிறத்தின் இருப்பிடம்தான் பெயரைச் சொல்கிறது. ஸ்பைரோகைராவின் பசுங்கணிகம், அதாவது பச்சை நிறத்தைத் தாங்கும் உறுப்பு, செல்லுக்குள் சுருள் நாடாவாக ஓடும். சைக்னீமாவில் ஒவ்வொரு செல்லிலும் இரண்டு நட்சத்திரங்களாக இருக்கும். ஊடோகோனியத்தில் வலைபோலப் படர்ந்திருக்கும். டெல்ஃப்ட் நகரத் துணி வணிகர் ஆன்டனி வான் லேவன்ஹுக், 1674-ஆம் ஆண்டில் அருகிலிருந்த பெர்கெல்சே மேர் ஏரியின் நீரைத் தானே தேய்த்துச் செய்த வில்லையில் பார்த்து, பாம்புபோலச் சுருண்ட பச்சைக் கோடுகளைக் கண்டதாக லண்டன் ராயல் சொசைட்டிக்கு எழுதினார். அது ஸ்பைரோகைராதான் என்று இன்று பலரும் கருதுவதற்கு அந்தச் சுருளே காரணம்.

பச்சை ஒரே சீராக, எந்த வடிவமும் இல்லாமல் செல் முழுவதும் பூசியதுபோல இருந்து, அதில் நீலச் சாயலும் தெரிந்தால் அது நீலப்பசும்பாசி. பாக்டீரியா இனத்தைச் சேர்ந்த அதற்குப் பசுங்கணிகமே கிடையாது. ஆசிலடோரியா இழை மெல்ல ஊசலாடியும் வழுக்கியும் நகரும்; அனபீனா முத்துமாலை போலிருக்கும், அந்த மாலையில் இடையிடையே சற்றுப் பெரிதாகவும் வெளிறியும் தெரியும் முத்துகள் நைட்ரஜனை நிலைநிறுத்தும் செல்கள். பொன்பழுப்பு நிறமும் கண்ணாடிபோன்ற கடினமான விளிம்பும் இருந்தால் டயாட்டம். அதன் ஓடு சிலிக்காவால் ஆனது.

யூக்ளினாவையும் கிளாமிடோமோனாஸையும் பிரிக்க முடியவில்லை என்று பலர் எழுதுகிறார்கள். இரண்டுக்கும் சிவந்த கண்புள்ளியும், நீந்த உதவும் சாட்டை போன்ற கசையிழையும் உண்டு. யூக்ளினா நின்ற இடத்திலேயே உடலைக் குறுக்கியும் பருத்தும் நெளியும். கிளாமிடோமோனாஸின் சுவர் விறைப்பானது, அதனால் நெளிய முடியாது. ஐயம் தீரவில்லை என்றால் நீர்த்த அயோடின் ஒரு துளி விடுங்கள். கிளாமிடோமோனாஸில் ஸ்டார்ச் இருப்பதால் கருநீலம் தோன்றும். யூக்ளினா சேமிப்பது பாராமைலான் என்ற வேறு பொருள், அது கறுப்பதில்லை. அயோடின் உயிரிகளைக் கொன்றுவிடும் என்பதால் இது கடைசிச் சோதனையாக இருக்கட்டும்.

பிறைநிலா வடிவில் ஒரு பச்சைச் செல் கிடைத்தால் அவசரமாக அடுத்ததற்குப் போய்விடாதீர்கள். அது குளோஸ்டீரியம். அதன் இரு நுனிகளிலும் தெளிவான சிறு குமிழ் ஒன்று இருக்கும்; 40 மடங்கு வில்லையில் அதற்குள் பார்த்தால், பேரியம் சல்ஃபேட் போன்ற உப்புகளின் நுண்படிகங்கள் கொதிக்கும் நீரில் விழுந்த மணல்போல ஓயாமல் ஆடிக்கொண்டிருக்கும். செல் அசையாமல் கிடக்க, நுனி மட்டும் ஆடுவதை நான் முதலில் பார்த்தபோது மேசைதான் ஆடுகிறது என்று நினைத்து நாற்காலியைத் தள்ளிப் போட்டேன்.

கேள்வி: பார்வைப் புலம் முழுவதும் நுண்புள்ளிகள் துடிக்கின்றன. அவை பாக்டீரியாக்களா?

பதில்: சில பாக்டீரியாக்களாக இருக்கலாம், பெரும்பாலானவை உயிரற்ற துகள்களாகவே இருக்கும். நீர் மூலக்கூறுகள் எல்லாப் பக்கமும் மோதுவதால் மிகச் சிறிய துகள் எதுவும் துடிக்கும். சற்றுமுன் சொன்ன குளோஸ்டீரியப் படிகங்களின் ஆட்டமும் அதுவே. தாவரவியலார் ராபர்ட் பிரவுன் 1827-இல் மகரந்தத்திலிருந்து வெளிவந்த துகள்களிடம் இதைக் கண்டு, உயிரின் அறிகுறியோ என்று ஐயுற்று, உயிரற்ற கனிமத் தூளையும் நீரில் இட்டுப் பார்த்தார், அதுவும் துடித்தது. பிரவுனின் அதே முறையை நீங்களும் பின்பற்றலாம். நின்ற இடத்திலேயே நடுங்கினால் துகள். பக்கத்துத் துகள்களை விட்டுவிட்டு ஒரு திசையில் விரைந்தால் உயிரி. அயோடின் விட்ட பிறகும் துடிப்பு தொடர்ந்தால், அது உயிரின் அசைவன்று என்பதில் சந்தேகத்துக்கே இடமில்லை.

இதோடு, ஏமாற்றும் பொருள்கள் இன்னும் சில உண்டு. தடித்த கறுப்பு விளிம்புள்ள கச்சிதமான வட்டம் காற்றுக்குமிழ். இருபுறமும் காதுபோல ஊதியிருப்பது பைன் மரத்தின் மகரந்தம். ஸ்லைடை நகர்த்தினாலும் நகராமல் நிற்கும் கறுத்த வளைகோடு உங்கள் கண்ணிமை முடி. இம்மூன்றையும் நான் ஒரு காலத்தில் அக்கறையோடு வரைந்து வைத்திருக்கிறேன்.

கேள்வி: பத்துக் குளங்களில் தேடியும் அமீபா கிடைக்கவில்லை. அது அவ்வளவு அரிதானதா?

பதில்: அரிதன்று, நீங்கள் மேல்நீரை எடுக்கிறீர்கள் என்று ஊகிக்கிறேன். அமீபா நீந்தாது, ஊர்ந்து செல்வது. அழுகிய இலையின் அடிப்புறத்தையும் சேற்றின் மேல்படலத்தையும் தனிப் புட்டியில் எடுத்து, ஓரிரு மணி நேரம் தெளியவிட்டு, அடியில் படிந்ததன் மேற்பரப்பிலிருந்து மட்டும் துளி எடுங்கள். ஸ்லைடை வைத்ததும் தேடாதீர்கள். கையாளும்போது, ஊர்வதற்காக நீட்டும் போலிக்கால்களை இழுத்துக்கொண்டு உருண்டையாகிவிடும், பத்து நிமிடம் சென்றால்தான் நீட்டும். ஸ்லைடுக்குக் கீழே ஒளியைக் கட்டுப்படுத்தும் ஐரிஸ் துளையை நன்றாகக் குறுக்குங்கள். ஒளி மிகுந்தால் நிறமற்ற அமீபா கண்ணுக்கே தெரியாது. புதியவர்கள் செய்யும் பெரும் பிழை இந்த ஒளி மிகுதிதான். தேடும்போது, மஞ்சள் பழுப்பு நிறத்தில் நடுவே துளையுள்ள வடை போன்ற வட்டம் கண்ணில் பட்டிருந்தால், அமீபாவை ஏற்கனவே பார்த்துவிட்டீர்கள். அது ஆர்செல்லா என்னும் ஓடுள்ள அமீபா. துளை அதன் வாசல். மணல்துகள்களை ஒட்டி வீடு கட்டிக்கொள்ளும் டிஃப்ளூஜியாவும் இதன் உறவே.

மாதிரிப் புட்டியைப் பற்றியும் ஒரு சொல். மேல்நீர், செடியைப் பிழிந்த நீர், சேறு ஆகியவற்றைத் தனித்தனியாக வையுங்கள். புட்டியில் பாதியளவே நீர் இருக்கட்டும், மூடி இறுகாமல் நிழலில் நிற்கட்டும். கழுத்துவரை நிரப்பி இறுக மூடினால் ஆக்சிஜன் தீர்ந்து, மறுநாள் நாற்றம்தான் மிஞ்சும். வைக்கோலை ஊறவைத்து உயிரிகளைப் பெருக்கும் பழைய முறை நல்ல வேடிக்கை. ஆனால் ஒரு வாரம் கழித்து அதில் பெருகி நிற்பவை அந்தச் சூழலுக்கு ஏற்றவை மட்டுமே. அவற்றைக் குளத்தின் கணக்கில் எழுதக்கூடாது.

கேள்வி: நுண்ணோக்கியில் எந்த உயிரியும் தெரியவில்லை என்றால் அந்த நீரைக் குடிக்கலாமா?

பதில்: கூடாது. குடல் பாக்டீரியாவான ஈ.கோலை சுமார் 2 மைக்ரோமீட்டர் நீளமே உள்ளது. 400 மடங்கில் அது ஒரு சிறு கோடு, தீங்கற்ற பாக்டீரியாவும் அதே கோடுதான். அதைக் கண்டறிய, பாக்டீரியாவை வளர்த்துப் பார்க்கும் வளர்ப்பூடகச் சோதனை வேண்டும். வைரஸ்கள் இந்த நுண்ணோக்கியில் தெரியவே தெரியா. மறுபுறம், உயிரிகள் நிறைந்த நீரெல்லாம் நஞ்சும் அன்று. பாரமீசியமும் ரோட்டிஃபரும் யாருக்கும் நோய் தருவதில்லை.

நுண்ணோக்கி எச்சரிக்கக்கூடிய இடங்கள் இரண்டு. ஒற்றைக்கண்ணும், பெண்ணாயின் வாலின் இருபுறம் முட்டைப் பைகளும் கொண்ட சைக்ளாப்ஸ் என்ற நுண் ஓட்டுடலி, நரம்புச் சிலந்தி நோயின் புழுக்களைச் சுமக்கக்கூடியது; நோய் இருந்த பகுதிகளில் நீரைத் துணியில் வடிகட்டச் சொன்னது அதனால்தான். அடுத்தது, நீர்ப்பரப்பில் பச்சைச் சாயம் கொட்டியதுபோல ஆடை படிந்து, துளியில் ஒழுங்கற்ற கொத்துகளாக நுண்ணிய உருண்டைகள் தெரிந்தால், அது மைக்ரோசிஸ்டிஸ் என்ற நீலப்பசும்பாசியாக இருக்கலாம். அதன் சில வகைகள் கல்லீரலைத் தாக்கும் நஞ்சைச் சுரக்கின்றன. கொதிக்க வைத்தாலும் அந்த நஞ்சு அழியாது. எந்த வகை நஞ்சுள்ளது என்பதை உருவத்தைப் பார்த்துச் சொல்ல முடியாது, ஆய்வகம்தான் சொல்ல வேண்டும். அதுவரை கால்நடைகளையும் அந்த நீரில் இறங்கவிடாதீர்கள்.

கேள்வி: படகு வடிவ டயாட்டம் ஒன்றின் ஒளிப்படத்தை இணைத்துள்ளேன். இதன் இனப்பெயரை உறுதிப்படுத்தித் தர முடியுமா?

பதில்: நாவிக்குலாவாக இருக்கலாம் என்பதற்கு மேல் இந்தப் படத்தை வைத்துச் சொல்ல மாட்டேன். படகு வடிவம் நாவிக்குலாவுக்கு மட்டும் உரியதன்று. வேறு பல பேரினங்களுக்கும் அதே வடிவம் உண்டு. டயாட்டம்களைப் பிரிப்பது ஓட்டின் மேல் உள்ள நுண்வரிகள். 10 மைக்ரோமீட்டருக்கு எத்தனை வரிகள், அவை நடுவில் எப்படிச் சாய்கின்றன என்று எண்ண வேண்டும். உயிரோடிருக்கும் செல்லில் பொன்பழுப்புக் கணிகம் அவற்றை மறைத்துவிடுகிறது. எனவே ஆய்வாளர்கள் உள்ளிருப்பதை அமிலத்தாலோ ஹைட்ரஜன் பெராக்சைடாலோ அகற்றி, வெற்று ஓட்டை மட்டும் எண்ணெய் வில்லையின் கீழ் 1000 மடங்கில் பார்க்கிறார்கள். அமிலத்தை வீட்டில் முயல வேண்டாம்.

உங்கள் குறிப்பேட்டில் "படகு வடிவ டயாட்டம், நாவிக்குலாவாக இருக்கலாம்" என்று எழுதி, நீளத்தையும், அது முன்னும் பின்னும் நகர்ந்ததா என்பதையும், மேல்நீரா சேறா என்பதையும், பார்த்த நேரத்தையும் பக்கத்தில் குறியுங்கள். அடுத்த முறை அனுப்பும்போது, தெரிந்த அளவுள்ள கோடு ஒன்று படத்திலேயே இருக்கட்டும். முடிந்தால் அதே செல் பக்கவாட்டில் திரும்பியபோது எடுத்த இரண்டாவது படத்தையும் சேர்த்து அனுப்புங்கள்.